அன்னி ஒண்ட்ரா: குரல் பறிபோன நாயகியா? – கேள்வி பதில்

செக் நடிகை அன்னி ஒண்ட்ரா பற்றி நண்பர்கள் கேட்ட கேள்விகளுக்கு எனக்குத் தெரிந்தவரை பதில் எழுதியிருக்கிறேன்.

கேள்வி: அவர் பிறந்த தார்னுவ் போலந்தில் இருக்கிறதே, பிறகு எப்படிச் செக் நடிகை?

1902இல் அவர் பிறந்தபோது அந்த ஊர் ஆஸ்திரிய-ஹங்கேரியப் பேரரசுக்குள் இருந்தது. அவருடைய தந்தை அந்தப் பேரரசின் படை அதிகாரி. குடும்பம் செக் குடும்பம். அன்னி வளர்ந்ததும் நடிக்க வந்ததும் இன்றைய செக் தலைநகரான பிராகாவில்தான்.

கேள்வி: ஆங்கில இயக்குநர் ஹிட்ச்காக்கின் 'பிளாக்மெயில்' படத்தில் கேட்பது அவர் குரலே இல்லையாமே?

ஆம், அவர் குரல் இல்லை. 1929இல் அந்தப் படத்தை மௌனப்படமாகத்தான் தொடங்கினார்கள். பாதியில் ஒலி வந்து சேர்ந்தது. அன்னி ஏற்றிருந்த ஆலிஸ், லண்டன் கடைக்காரர் ஒருவரின் மகள். அவள் பேச்சில் செக் வாடை வீசினால் யார் நம்புவார்கள்? படம் எடுத்த பிறகு குரலை மட்டும் மாற்றிச் சேர்க்கும் வசதி அன்று கிடையாது. அதனால் ஜோன் பாரி என்ற ஆங்கில நடிகை கேமராவுக்கு வெளியே மைக் முன் நின்று வசனம் பேச, அன்னி அதே நொடியில் உதட்டை அசைத்தார். பின்னால் கேட்கும் இன்னொருவர் பேச்சுக்கு ஈடு கொடுத்தபடியே அச்சத்தையும் குற்ற உணர்வையும் முகத்தில் காட்டுவது எத்தனை கடினம்!

கேள்வி: அப்படியானால் பாராட்டில் பாதி ஜோன் பாரிக்குத்தானே சேர வேண்டும்?

குரலுக்கான பாராட்டு தாராளமாகச் சேரட்டும். ஆனால் காலை உணவுக் காட்சியை நினைத்துப் பாருங்கள். தன்னைப் பலவந்தம் செய்ய வந்த ஓவியனை முந்தைய இரவு ஆலிஸ் கத்தியால் குத்திக் கொன்றிருக்கிறாள். கடைக்கு வந்த பெண் அந்தக் கொலையைப் பற்றி ஓயாமல் பேசுகிறாள். மற்ற சொற்கள் மங்கி, 'கத்தி' என்ற சொல் மட்டும் திரும்பத் திரும்பக் காதில் விழுகிறது. ஆலிஸுக்கு அங்கே வசனம் இல்லாத குறையே தெரியாது. ரொட்டி வெட்டக் கத்தியை எடுக்கும் கை, விறைத்த முகம், எல்லாமே அன்னியுடையவை.

கேள்வி: பேசும் படம் அவர் வாழ்வை முடித்துவிட்டதா?

இந்தத் தவறான எண்ணத்தைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு வருத்தமாக இருக்கிறது. முடிந்தது ஆங்கிலப் படவாழ்வு மட்டும்தான். 1930இல் இயக்குநர் காரெல் லாமாச்சுடன் சேர்ந்து பெர்லினில் ஒண்ட்ரா-லாமாச் பட நிறுவனத்தையே தொடங்கினார். ஜெர்மன், செக் மொழிகளில் சொந்தக் குரலில் பேசினார், பாடினார். 1931இல் 'அவனும் அவன் சகோதரியும்' படத்தில், செக் மக்கள் கொண்டாடிய நகைச்சுவை நடிகர் விளாஸ்தா புரியனுக்கு ஈடுகொடுத்து நடித்தார்.

கேள்வி: லாமாச் அவருடைய கணவரா?

இல்லை. மௌனப்பட நாட்களிலிருந்தே அவருடைய இயக்குநர், உடன் நடித்தவர், காதலர். காதல் முடிந்த பிறகும் சேர்ந்து படம் எடுத்தார்கள்.

கேள்வி: கணவர் மாக்ஸ் ஷ்மெலிங் நாஜியா?

குத்துச்சண்டை உலகச் சாம்பியனாக இருந்த ஷ்மெலிங்கை அன்னி 1933இல் மணந்தார். நாஜி அரசு இந்த ஜோடியை விளம்பரத்துக்குப் பயன்படுத்திக்கொண்டது உண்மை. 1936இல் ஷ்மெலிங் அமெரிக்கக் குத்துச்சண்டை வீரர் ஜோ லூயிஸை வீழ்த்திய சண்டையை அன்னி வானொலியில் கேட்டது நாஜி பிரசார அமைச்சர் கோயபல்ஸ் வீட்டில். இதை மறைத்துப் பேசக்கூடாது. ஆனால் ஷ்மெலிங் கட்சியில் சேரவில்லை. யூதரான தம் மேலாளரைக் கைவிட மறுத்தார். 1938 நவம்பரில் யூதர்கள் மீது நடந்த வன்முறையின்போது இரண்டு யூதச் சிறுவர்களைத் தம் ஹோட்டல் அறையில் ஒளித்துவைத்தார். போருக்குப் பின் தம்பதியர் ஹாம்பர்க் அருகே ஹோலன்ஷ்டெட்டில் வாழ்ந்தார்கள். 1987இல் அன்னி மறைந்தார். 2005இல் 99 வயதில் காலமான ஷ்மெலிங்கை அவர் அருகிலேயே அடக்கம் செய்தார்கள்.

கேள்வி: எதிலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

'பிளாக்மெயில்' படத்தின் மௌன வடிவத்திலிருந்து. ஒலிக்கருவி இல்லாத அரங்குகளுக்காக அதையும் வெளியிட்டார்கள். பிறகு பேசும் வடிவம். அதோடு, ஹிட்ச்காக் அவருக்கு நடத்திய குரல் சோதனைப் படச்சுருளும் இன்றுவரை இருக்கிறது. இயக்குநர் சீண்ட, அன்னி வெட்கத்தில் முகம் திருப்பிச் சிரித்தபடி ஆங்கிலத்தில் பதில் சொல்கிறார். அது அவருடைய சொந்தக் குரல்.