எல்லாவற்றையும் யூடியூபில் போட்டுவிட்டால் போதுமா? – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

ஆஸ்திரேலியப் பழங்குடிகளின் கதைகள் பற்றி நீங்கள் எழுதியதைப் படித்தேன். சில பாட்டுகளையும் சடங்கு ஆட்டங்களையும் வெளியாட்களுக்குக் காட்டமாட்டார்கள் என்று சொல்லியிருந்தீர்கள். அழிந்துகொண்டிருப்பதை இப்படி மறைத்து வைத்தால் அது எப்படிப் பிழைக்கும்? எல்லாவற்றையும் பதிவு செய்து யூடியூபில் போட்டுவிடலாமே?

ஆர்.

அன்புள்ள ஆர்.,

உங்கள் அக்கறை புரிகிறது. ஆனால் அந்தக் கதைகளுக்கு ஆபத்து வந்தது மறைத்து வைத்ததால் இல்லை. வெள்ளையர் ஆட்சியில் பிள்ளைகளைப் பெற்றவர்களிடமிருந்து பிடுங்கிக்கொண்டு போனார்கள், பல கிறிஸ்தவ மிஷன்களில் தாய்மொழி பேசவும் சடங்கு நடத்தவும் தடை போட்டார்கள், சொந்த மண்ணை விட்டே விரட்டினார்கள். கேட்டுப் பழக வேண்டிய பேரப்பிள்ளை பக்கத்தில் இல்லையென்றால் பாட்டு யாரிடம் போகும்? பதிவுக்கும் பஞ்சமில்லை. பால்ட்வின் ஸ்பென்சர் என்ற மானுடவியலாளர் 1901 இலேயே மத்திய ஆஸ்திரேலியாவில் மெழுகு உருளைகளில் பாட்டுகளைப் பதிவு செய்துவிட்டார். அதற்குப் பிறகும் எவ்வளவோ நாடாக்கள், படங்கள். பெரும்பாலும் அவை தொலைதூர நகரங்களின் காப்பகங்களில் கிடந்தன, பாடியவரின் குடும்பத்துக்கு அப்படி ஒன்று இருப்பதே தெரியாது.

1994 இல் தொடங்கிய அரா இரிடிட்ஜா என்ற காப்பகம் செய்தது இதற்கு நேர் எதிரான வேலை. வெளியே போன படங்களையும் ஒலிப்பதிவுகளையும் தேடிப் பிடித்து, கணினியில் ஏற்றி, மத்திய ஆஸ்திரேலியப் பாலைவனப் பழங்குடிகளான அனங்கு மக்களின் ஊர்களுக்கே திருப்பிக் கொண்டுவந்தார்கள். ஆண்கள் மட்டும் பார்க்க வேண்டியது, பெண்கள் மட்டும் பார்க்க வேண்டியது எல்லாம் தனித்தனியாக இருக்கும். ஒருவர் இறந்துவிட்டால், துக்கம் தீரும் வரை அவர் படத்தை மறைத்து வைக்கவும் வழி உண்டு. இதைத்தான் நான் பாதுகாப்பு என்பேன்.

அப்புறம், வெளியே காட்டக்கூடியதை அவர்கள் மறைப்பதும் இல்லை. ஏழு சகோதரிகள் கதையையே பாருங்கள். துரத்திவரும் ஒருவனிடமிருந்து தப்பி அந்தப் பெண்கள் பாலைவனம் நெடுக ஓடுகிறார்கள், அவர்கள் நின்ற ஒவ்வொரு பாறைக்கும் நீர்ச்சுனைக்கும் ஒரு பாட்டு, ஓர் ஆட்டம் இருக்கிறது, கடைசியில் வானத்தில் ஏறிவிடுகிறார்கள். நாம் கார்த்திகை என்று காட்டுகிற அதே விண்மீன் கூட்டம்! இந்தப் பாட்டுத் தடம் துண்டு துண்டாகப் போகிறதே என்று கவலைப்பட்டு, அனங்கு மூத்தவர்களே தலைநகர் கான்பெராவுக்கு வந்து உதவி கேட்டார்கள். 2017 இல் அங்கே தேசிய அருங்காட்சியகத்தில் பெரிய கண்காட்சியாகவே வைத்தார்கள். எதைக் காட்டுவது, எதை விடுவது என்பதெல்லாம் அவர்கள் முடிவு.

வடக்கே ஆர்னம் லேண்டில் 1999 முதல் நடக்கும் கார்மா விழாவும் அப்படித்தான். சாயங்காலம் மணல் களத்தில் மூத்தவர்கள் பில்மா என்ற தாளக்கட்டைகளைத் தட்டிப் பாட, யிடாக்கி என்ற நீண்ட மரக்குழலை ஊத, பெரியவர்களின் கால்களைப் பார்த்துப் பார்த்துப் பொடிசுகள் ஆடும். எந்தக் காணொளியும் அந்தப் பிள்ளையின் காலுக்கு ஈடாகாது.

ஆகவே உங்கள் கேள்விக்கு என் பதில், போடக்கூடாது. போடுவதா வேண்டாமா என்று சொல்லும் உரிமை நமக்குக் கிடையாது. பார்க்க ஆசையிருந்தால் அதே ஆர்னம் லேண்டில் உள்ள யிர்க்கலா என்ற ஊரில், அந்தப் பகுதிப் பழங்குடிகளான யோல்ங்கு மக்களின் வழிகாட்டலில் நடக்கும் முல்கா அமைப்பு வெளியிட்டுள்ள காணொளிகளில் தொடங்குங்கள். பகிரும்போது பாடியவர் யார், எந்தக் குலம் என்று அவர்கள் போட்டிருப்பதை வெட்டாமல் சேர்த்தே பகிருங்கள்.