வறண்ட வயலில் தவளைச் சத்தம்

வணக்கம் ஐயா,

கடைமடைக்கு முதல் தண்ணீர் வருவதை வைத்து ஒன்பது நிமிடக் குறும்படம் எடுத்திருக்கிறேன். வசனம் கிடையாது. பெரியவர் ஒருவர் வரப்பில் காத்திருக்கிறார், தண்ணீர் வருகிறது, மடையை வெட்டிவிடுகிறார். பார்த்தவர்கள் 'இழுவையா இருக்கு, மியூசிக் போடு' என்கிறார்கள். போடலாமா?

– ஒரு வாசகர், திருத்துறைப்பூண்டி

அன்புள்ள நண்பருக்கு,

படம் பார்த்தேன். மியூசிக் வேண்டவே வேண்டாம். கோளாறு ஒலியில்தான்.

முதல் ஷாட்டிலேயே தவளை கத்துகிறது. மேட்டூரை வழக்கப்படி ஜூன் 12-இல் திறந்தாலும், கல்லணை தாண்டி உங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் வரும்வரை வயல் பாளம்பாளமாக வெடித்துத்தான் கிடக்கும். அங்கே கேட்பது மேல்காற்றும் பனையோலையும். தவளையை முன்பே கொடுத்துவிட்டதால், தண்ணீர் வரும்போது காதுக்குப் புதிதாக ஒன்றும் மிச்சமில்லை. படத்தில் நடக்கும் ஒரே சம்பவம் அது! தவளையைக் கடைசி இரவுக் காட்சிக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்தது, மண்வெட்டி விழுந்ததும் பின்னணிப் பூச்சிச் சத்தம் அமுங்கி, இரண்டு நொடியில் மறுபடி எழும்புகிறது. ஒலி அளவைத் தானாகவே கூட்டிக் குறைக்கும் கேமராவின் ஆட்டோ லெவல் செய்யும் வேலை. அதை அணைத்துவிட்டு, மண்வெட்டிச் சத்தத்தின் உச்சம் ஒலி மீட்டரில் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாதபடி கையால் வையுங்கள். ஒவ்வொரு ஷாட் மாறும்போதும் சூழல் ஒலி மாறுவதும் உறுத்துகிறது. ஐந்து நிமிட ஒலியை வெட்டாமல் எடுத்து, காட்சி முழுவதற்கும் அடியில் ஓடவிடுங்கள்.

வெடிப்புக்குள் தண்ணீர் இறங்கும் ஷாட் அருமை. உள்ளிருந்த காற்று குமிழியாக வெளியேறுகிறது, ஆனால் சத்தமே இல்லை. மைக்கை ஒரு சாண் உயரத்தில் பிடித்துத் தனியாக எடுங்கள். அந்தக் 'களக் களக்' தண்ணீர் திரையில் தெரிவதற்கு மூன்று நொடி முன்பே கேட்கட்டும். பெரியவர் தலைதிருப்புவதற்கு அப்போதுதான் காரணம் கிடைக்கும்.

வரப்பில் அவர் நிற்கும் நாற்பது நொடியில் எதுவும் மாறவில்லை, பாதியாக்குங்கள். தண்ணீர் ஷாட்டில் கை வைக்காதீர்கள்.

தவளை எடுக்க ரெக்கார்டரை வரப்பில் வைத்துவிட்டு நகர்ந்துவிடுங்கள். ஆள் நடமாடினால் அவை வாயை மூடிக்கொள்ளும். இருபது நிமிடம் ஓடவிட்டு, முதல் ஐந்து நிமிடத்தைக் கழித்துவிடுங்கள். காற்றிரைச்சலைத் தடுக்க மைக்குக்கு ரோம உறை அவசியம். பக்கத்து போர்செட் எப்போது நிற்கும் என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். அந்த மோட்டார் இரைச்சல் கலந்துவிட்டால் எடிட்டிங்கில் சுத்தமாகப் பிரிக்க வராது.