சீனாவின் அணு உலைகளும் நம் கொழுந்துக் கூடையும்

தலவாக்கலை வாசகர்: சீனாவில் எத்தனை அணு உலைகள்?

ஓடுபவை 60க்குக் கிட்ட, கட்டுபவை 30க்குக் கிட்ட. 2022 முதல் வருடத்துக்குப் பத்துப் பத்தாக அனுமதி கொடுத்து வருகிறார்கள். இவ்வளவு இருந்தும் அந்த நாட்டு மின்சாரத்தில் அணுவின் பங்கு 5 சதவீதம்தான். பாதிக்கு மேல் இன்னும் நிலக்கரி.

ஹட்டன் வாசகி: அவர்களால் மட்டும் எப்படி இவ்வளவு வேகம்?

ஒரே வரைபடத்தையே திரும்பத் திரும்பக் கட்டுகிறார்கள். ஓர் உலையை முடித்த வெல்டர் பக்கத்து உலைக்குப் போய்விடுவார், கை காய்வதில்லை. கடன் அரசு வங்கியில், வட்டி குறைவு. அதனால் ஐந்தாறு வருடத்தில் முடிகிறது. ஆனால் சன்மெனில் புது அமெரிக்க மாதிரியை முதன்முதலாகக் கட்டியபோது அவர்களுக்கும் 2009இலிருந்து 2018 வரை இழுத்தது. பிரான்சின் ஃபிளமன்வில் இன்னும் மோசம்: 2007இல் தொடங்கி 2024 கடைசியில்தான் கரண்ட் வந்தது.

பதுளை வாசகர்: சீனா அணுவில் ஒரு நாளைக்கு எத்தனை மெகாவாட் எடுக்கிறது? சோலாரைவிடக் கூடவா?

மறுபடியும் "நாளைக்கு இத்தனை மெகாவாட்"! எத்தனை தடவை எழுதுவது, ஐயா? மெகாவாட் என்பது கூடையின் அளவு, அதாவது ஒரே நேரத்தில் அதிகபட்சம் எவ்வளவு தர முடியும் என்பது. யூனிட் என்பது பின்னேரம் தராசில் நிற்கும் கொழுந்து, அதாவது உண்மையில் கிடைத்த மின்சாரம். பெரிய கூடையை மாட்டிக்கொண்டு மலைக்குப் போனவருக்கெல்லாம் யாராவது பேர் (நாள் சம்பளம்) போடுகிறார்களா? நிறுத்துத்தானே போடுகிறார்கள்.

இந்தக் குழப்பத்தால்தான் செய்தித்தாள் தலைப்புகள் எல்லாரையும் ஏமாற்றுகின்றன. 2024 முடிவில் சீனாவின் சோலார் கூடை அணுக் கூடையைப் போல் ஏறக்குறைய 15 மடங்கு. அந்த வருடம் தராசில் நின்றது இரண்டு மடங்குகூட இல்லை. சோலாருக்கு இரவும் மேகமும் உண்டு. உலையோ எரிபொருள் மாற்றும் நாட்கள் போக இரவு பகலாக ஓடும், வருடத்தில் 90 சதவீதத்துக்குக் கிட்ட. ஆனால் சோலார் தகடு மாதக்கணக்கில் ஏறிவிடும், உலைக்கு வருடங்கள் வேண்டும். சரி, எந்தப் பக்கம் வாதாடினாலும் யூனிட்டை வைத்து வாதாடுங்கள்.

கந்தப்பளை வாசகர்: இங்கே குளிரும் ஆறும் இருக்கின்றன. 1000 மெகாவாட்டில் ஒன்று போட்டால் என்ன?

இலங்கையின் இரவு உச்சத் தேவையே 2,500 மெகாவாட்டைக் கொஞ்சம் தாண்டும். அதில் 1000 ஒரே நொடியில் விழுந்தால்? 2025 பெப்ரவரி 9, ஞாயிற்றுக்கிழமை. பாணந்துறை உப மின்நிலையத்தில் குரங்கு பாய்ந்தது என்றார்கள், தீவே இருண்டது. நுரைச்சோலை நிலக்கரி மின்நிலையத்தின் மூன்று இயந்திரங்களும், ஒவ்வொன்றும் வெறும் 300தான், நின்றுபோய்ப் பல நாள் படுத்தின. அப்புறம், சீனாவில் ஓடும் உலைகளும் கடற்கரையில்தான். உள்நாட்டு ஆற்றங்கரைத் திட்டங்களை 2011இல் ஜப்பானில் நடந்த ஃபுகுஷிமா அணு உலை விபத்தோடு நிறுத்தி வைத்தார்கள். மண்சரிவு மலைக்கு ஆசைப்படாதீர்கள்.

மஸ்கெலியா வாசகர்: படங்களில் வரும் வெள்ளைப் புகை விஷமா?

நீராவி.

பண்டாரவளை வாசகர்: சீன உலை வெடித்தால் நமக்குக் கதிர்வீச்சு வருமா?

சீனக் கரை ஆயிரக்கணக்கான கிலோமீட்டர் தள்ளி. கூடங்குளம் அதைவிட எவ்வளவோ கிட்ட. எதற்கும் உங்கள் கடிதத்தின் கடைசி வரிக்கு வருவோம்: கரண்ட் கசிந்தால் தானே வெட்டி உயிரைக் காக்கும் ட்ரிப் சுவிட்ச் அடிக்கடி விழுகிறது என்று அதைக் கழற்றிவிட்டு வயரை நேரே கொடுத்திருக்கிறீர்களாம். இன்றைக்கே ஆள் பிடித்துத் திரும்பப் போடுங்கள். மாதம் ஒருமுறை டெஸ்ட் பட்டனை அழுத்திப் பாருங்கள்.