வரைகிற பெண் நடிக்கப் போனால்

டர்பன் சாட்ஸ்வர்த்தில் இருந்து எழுதிய அம்மாவுக்கு வணக்கம்.

"மூணு வருஷம் ஓவியம் படிச்சுட்டு இப்போ நாடகத்துக்குப் போறேங்கிறா, நான் என்ன செய்ய?" என்று கேட்டிருந்தீர்கள். கோபம் புரிகிறது. அதில் பாதி, ஃபீஸ் கட்டிய கோபம்.

போன வாரம் உங்கள் மகள் தன் வரைபுத்தகத்தை என் மேசையில் விரித்தாள். விக்டோரியா தெரு மார்க்கெட்டில் மசாலாக் கடை வாசலில் நின்ற ஒரு தாத்தா. ஒரு தோள் மட்டும் சரிந்திருந்தது. "இவர் மாதிரி நில்லு" என்றேன். எழுந்து இடது காலில் பாரத்தைப் போட்டாள், தோள் தானாக இறங்கியது. இந்தக் கண் வருவதற்கே பலர் மாதக்கணக்கில் பயிற்சி எடுப்பார்கள்.

அப்புறம், "நான் கடன் கேட்க வந்திருக்கிறேன், பதில் சொல்லு" என்றேன். அங்கே தடுமாறினாள். தன் முகம் எப்படித் தெரிகிறது என்ற யோசனையிலேயே இருந்தாள், நான் பேசியது காதில் விழவில்லை. வரைகிறவர் தனியாக உட்கார்ந்து, பிசகினால் அழித்துவிடலாம். மேடையில் ரப்பர் கிடையாது. எதிரே ஒரு ஆள் வேறு நிற்கிறார். அவள் கற்க வேண்டியது இதுதான்.

நம் தென்னாப்பிரிக்க ஓவியர் வில்லியம் கென்ட்ரிட்ஜ், 1980களின் தொடக்கத்தில் பாரிஸில் ஜாக் லெகாக் பள்ளிக்குப் போய் நாடகம் படித்தார். நடிகராக நிலைக்கவில்லை, கரிக்கோலுக்கே திரும்பினார். ஆனால் 1992 முதல் ஹேண்ட்ஸ்பிரிங் பொம்மலாட்டக் குழுவோடு சேர்ந்து நாடகங்கள் இயக்கினார், பிறகு ஓபராவும் இயக்கினார். பாரிஸ் வீணாகப் போனது என்று யார் சொல்வார்கள்? நம் தெருக்கூத்தில்கூட அரிதாரமும் ஆட்டமும் சேர்ந்தேதான் இருந்தன.

இனி பணம். அவள் டிப்ளமோ முடித்தவள். என்ஸ்ஃபாஸ் என்கிற அரசு மாணவர் நிதியுதவி முதல் படிப்புக்குத்தான், அதை நம்பி இன்னொரு டிப்ளமோவில் சேர்க்காதீர்கள். ஜோகன்னஸ்பர்க்கில் 1989இல் தொடங்கிய மார்க்கெட் தியேட்டர் லேபரட்டரி என்ற நாடகப் பள்ளியில் முழுநேரப் பயிற்சி 2 வருடம். ஆடிஷன் வைத்துத்தான் எடுப்பார்கள். நடிப்பு வேலை பெரும்பாலும் ஒப்பந்த வேலை. இரண்டு வேலைக்கு நடுவே சும்மா இருக்கும் மாதங்களில் வேலையில்லாக் காப்பீட்டுப் பணமும் வராது. அதனால் சனிக்கிழமை பிள்ளைகளுக்கு எடுக்கும் ஓவிய வகுப்பை விடவே கூடாது. மேடை அமைப்பு, ஒப்பனை, உடை வேலைகளையும் கேட்டு வாங்கச் சொல்லுங்கள்; நடிக்க மட்டும் தெரிந்தவருக்கு அந்தக் கதவுகள் திறக்காது. "முன்பணம் கட்டுங்கள், சீரியலில் போடுகிறோம்" என்று எந்த ஏஜென்ட் சொன்னாலும் எழுந்து வந்துவிடுங்கள். ஒழுங்கான ஏஜென்ட், வேலை வந்த பிறகு சம்பளத்தில்தான் கமிஷன் எடுப்பார்.

ஒரு வருடம் கொடுங்கள். பக்கத்திலேயே ஏதாவது ஒரு நாடகக் குழுவில் சேரட்டும், ஆடிஷனுக்கு இரண்டு தனிப்பேச்சு தயார் செய்யட்டும். வருடக் கடைசியில் மூவரும் உட்கார்ந்து பேசுவோம்.

அந்தத் தாத்தா படத்தைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். உங்களிடம் இன்னும் காட்டவில்லையாம்.