வாசகர் கேள்விகள்: நடுப்பக்கத்து முகங்கள்

கோத்தகிரி வாசகி: அம்மா சேர்த்து வைத்திருக்கும் 'பேசும் படம்', 'பொம்மை' இதழ்களில் நடிகைகள் தெய்வப் பிறவி மாதிரி இருக்கிறார்கள். இப்போது தினமும் நூறு படம் பார்த்தாலும் ஒன்றும் மனதில் நிற்கவில்லையே, ஏன்?

அன்றைக்கு உங்கள் அம்மாவுக்குக் கிடைத்ததே மாதம் நாலைந்து படம்தான், அதுவும் சும்மா வரவில்லை. '120' என்ற அளவு பிலிம் ரோல் ஒன்றில் சதுரமாக எடுத்தால் 12 படம் விழும். கண் மூடியது, களைப்பு தெரிந்தது எல்லாவற்றையும் கழித்துவிட்டு ஒன்றே ஒன்றை எடுப்பார்கள். அப்புறம் டச்சிங் செய்பவர் உட்காருவார். நெகட்டிவில் கருவளையம் வெளிறித் தெரியும், அந்த இடத்தில் கூராகச் சீவிய பென்சிலால் மெல்ல மெல்லத் தீட்டினால் பிரின்ட்டில் அது வெளுத்துவிடும். ஆக, நாம் கும்பிட்ட முகத்தில் பாதி அந்தப் பென்சில்காரருடையது, அவர் பெயரை யாரும் அச்சிட்டதில்லை என்பது எனக்கு இன்றும் வருத்தம். நம் மலையில் எடுத்த படங்களுக்குக் கூடுதல் அனுகூலம் உண்டு: மூடுபனி இறங்கினால் வெளிச்சம் பரவலாக விழும், கண்குழியில் நிழல் கட்டாது.

குன்னூர் வாசகர்: அழகு சரி. ஒரு படம் ஒருவருடைய அரசியலையே மாற்றுமா?

1967 ஜனவரி 12 அன்று எம்.ஆர். ராதா சுட்டதில் எம்.ஜி.ஆர். கழுத்தில் குண்டு பாய்ந்தது. தேர்தல் பிரசாரத்துக்கே போக முடியாத நிலையில், கழுத்துக் கட்டோடு அவர் இருக்கும் படம்தான் ஊர் ஊராகப் போனது, பரங்கிமலையில் ஜெயித்தார். அதுவரை தங்கம் மாதிரி ஜொலித்த முகத்தையே பார்த்துப் பழகிய ஜனம் முதல்முறையாகக் காயத்தைப் பார்த்தது, 'நம்மவர்' என்று பதறியது. ரஜினி வழுக்கையும் நரைத்த தாடியுமாக வெளியே வருவதும் அதே மாதிரி மனதில் ஒட்டுகிறது.

ஊட்டி வாசகர்: அப்பா எச்.பி.எஃப். என்ற இந்துஸ்தான் போட்டோ பிலிம்ஸ் ஆலையில் வேலை பார்த்தவர். வீட்டில் நடிகர்களின் பழைய நெகட்டிவ்கள் இருக்கின்றன, என்ன செய்யலாம்?

தயவுசெய்து தூக்கிப் போடாதீர்கள். 1967 முதல் அந்த ஆலை 'இந்து' (Indu) என்ற பெயரில் பிலிம் தயாரித்த ஊர் இது, கறுப்பு வெள்ளைக் காலத்து ஸ்டுடியோக்காரர்கள் பலர் அதை நம்பித் தொழில் செய்தார்கள். நம் ஈரத்துக்கு நெகட்டிவ் சீக்கிரம் பூசணம் பிடிக்கும், அதனால் பிளாஸ்டிக் கவரை எடுத்துவிட்டுத் தனித்தனிக் காகித உறையில் போட்டு, சிலிக்கா ஜெல் பொட்டலத்தோடு டப்பாவில் மூடி வையுங்கள். உறையின் மேல் நடிகர் பெயரை விட முக்கியமாக, எடுத்தவர் யார் என்று அப்பாவிடம் கேட்டு இந்த வாரமே எழுதிவிடுங்கள்.