சைகோனைச் சுற்றி நடந்த ஆபரேஷன் ஃபேர்ஃபேக்ஸின் நோக்கம் என்ன?

வியட்நாம் போரில் இந்த நடவடிக்கை எதற்கு என்று கேட்டிருக்கிறீர்கள். தென் வியட்நாமின் தலைநகரான சைகோனைச் சூழ்ந்த ஜியா தின் மாகாணத்தில், அந்நாட்டு அரசை எதிர்த்துப் போராடிய கம்யூனிஸ்ட் கெரில்லாப் படையான வியட்காங்கின் பிடியைத் தளர்த்தத்தான். 1966 நவம்பர் கடைசியில் தொடங்கியது. 1967 தொடக்கத்தில் அமெரிக்காவின் 199-வது இலகு காலாட்படை பிரிகேட் பொறுப்பேற்றது.

பெரிய சண்டைகள் குறைவு. இருட்டியதும் வயல் வரப்பிலும் வாய்க்கால் கரையிலும் சிப்பாய்கள் சின்னச் சின்னக் குழுக்களாகப் பதுங்கியிருப்பார்கள். வரி வசூலிக்கவும் ஆள் சேர்க்கவும் ஊருக்குள் வருகிற வியட்காங் ஆட்களை வழியிலேயே மடக்க வேண்டும், அதுதான் வேலை. அப்புறம் கிராமத்தைச் சுற்றிவளைத்து வீடு வீடாகச் சோதனை.

தென் வியட்நாம் ராணுவத்தின் சிறப்புக் காலாட்படையான ரேஞ்சர்களின் 5-வது குழுவும் கூடவே இயங்கியது. கோளாறு இங்கேதான் என்பேன்: அமெரிக்கர்கள் முன்னால் நிற்கும்வரை உள்ளூர்ப் படை சொந்தக் காலில் நிற்கப் பழகாது. மொழி தெரியாத சிப்பாய்க்கு, ஊருக்குள் கலந்திருக்கும் வியட்காங் ஆள் யார், சாதாரண விவசாயி யார் என்று எப்படித் தெரியும்?

1967 டிசம்பரில் பொறுப்பை ரேஞ்சர்களிடம் ஒப்படைத்தார்கள். அடுத்த மாதக் கடைசியில், வியட்காங்கும் வட வியட்நாமும் தெற்கெங்கும் நடத்திய டெட் தாக்குதல் சைகோனுக்குள்ளேயே வெடித்தது.