‘குலா சொங்சாங்’ என்ன சீனி?

கேள்வி: வணக்கம் அக்கா. தீபாவளிப் பலகாரத்துக்காக நிபோங் தெபாலில் கேக் சாமான் விற்கும் ஒரு கடையில் தங்க நிறச் சிரப் ஒரு போத்தல் வாங்கினேன், 14 வெள்ளி. வீட்டுக்கு வந்து லேபிளைப் படித்தால் ‘குலா சொங்சாங்’ என்று இருக்கிறது, பக்கத்திலேயே ‘இன்வெர்ட் சுகர்’. சொங்சாங் என்றால் நெறி தவறியது என்றுதானே மலாயில் சொல்வார்கள்? கடையில் இருந்த பையனிடம் கேட்டதற்கு, "இது சாதாரணச் சீனி இல்லக்கா, இனிப்பு நீர் உள்ளவங்களுக்குப் பரவாயில்ல" என்றான். என் அம்மாவுக்குப் பன்னிரண்டு வருஷமாக இனிப்பு நீர். கொடுக்கலாமா?

பதில்: அம்மாவிடமிருந்து ஆரம்பிப்போம் தங்கச்சி, பெயர் விளக்கம் அப்புறம். கொடுக்க வேண்டாம். அந்தப் போத்தலில் இருப்பது முழுக்கச் சீனிதான், பாதி குளுக்கோஸ், பாதி பிரக்டோஸ். நாம் காப்பியில் போடும் வெள்ளைச் சீனியின் வேதிப்பெயர் சுக்ரோஸ், அதில் ஒரு குளுக்கோஸும் ஒரு பிரக்டோஸும் கைகோத்துக்கொண்டிருக்கும். நம் குடல் அந்தக் கையை வெட்டிப் பிரித்துத்தான் உள்ளே அனுப்புகிறது. இன்வெர்ட் சுகரில் அந்த வெட்டும் வேலையைத் தொழிற்சாலையிலேயே முடித்துவிட்டார்கள், அவ்வளவுதான் வித்தியாசம். கிராமுக்கு ஏறக்குறைய 4 கலோரி என்பது இரண்டுக்கும் பொது. பாதி குளுக்கோஸ் நேராக ரத்தத்தில்தான் போய் நிற்கும். அந்தப் பையன் கெட்ட எண்ணத்தில் சொல்லியிருக்க மாட்டான், யாரோ சொன்னதைத் திருப்பிச் சொல்லியிருப்பான், ஆனாலும் ஒரு நோயாளியின் விஷயத்தில் இப்படிச் சொல்வது எனக்குக் கோபத்தைத்தான் தருகிறது. பலகாரத்தில் அந்தச் சிரப் சேர்ந்திருந்தால், சீனி போட்ட பலகாரம் என்றே கணக்கு வைத்து அம்மாவுக்கு எவ்வளவு என்று முடிவு செய்யுங்கள்.

இப்போது பெயர். சொங்சாங் என்ற சொல்லை நாம் ‘அஜாரான் சொங்சாங்’ போன்ற இடங்களில் கேட்டே பழகியதால் பயமாக இருக்கிறது. இங்கே அதற்குத் ‘திசை மாறியது’ என்றுதான் பொருள். பாடப்புத்தகத் தமிழில் எதிர்மாறு சர்க்கரை என்பார்கள். எதன் திசை மாறியது என்பதுதான் கேள்வி. பலர் சீனியே தலைகீழாகப் புரண்டுவிட்டது என்று நினைக்கிறார்கள். புரண்டது வெளிச்சம்.

ஒரே தளத்தில் அதிரும்படி வடிகட்டிய ஒளியை ஒரு குழாயில் உள்ள சீனித் தண்ணீருக்குள் அனுப்பினால், வெளியே வரும்போது அதன் தளம் கொஞ்சம் திரும்பியிருக்கும். ஜான் பாப்தீஸ்த் பியோ என்ற பிரெஞ்சு விஞ்ஞானி 1815இல் இந்தத் தன்மையைக் கண்டார். சீனிக் கரைசல் அதை வலப்பக்கம் திருப்பும், வலம்புரிச் சங்கு மாதிரி. தமிழில் இதற்கு வலஞ்சுழி, இடஞ்சுழி என்று அழகான சொற்களே இருக்கின்றன. சுக்ரோஸின் அளவு வலப்பக்கம் 66.5 பாகை. அதை அமிலம் சேர்த்துக் காய்ச்சிப் பிரித்தால் கிடைக்கும் குளுக்கோஸ் வலப்பக்கம் 52.7, ஆனால் பிரக்டோஸ் இடப்பக்கம் 92. இரண்டும் சரிபாதியாகக் கலந்திருப்பதால் பிரக்டோஸ் ஜெயித்துவிடும், மொத்தக் கரைசலும் இடப்பக்கம் சுமார் 20 பாகை திருப்பும். வலம் போனது இடமாகிவிட்டது, அதனால்தான் இன்வெர்ட். ஆக இது ஓர் ஆய்வுக்கூடக் கருவியில் கண்ட காட்சிக்கு வைத்த பெயர். தரத்தையோ சுத்தத்தையோ உடம்புக்கு நல்லதா கெட்டதா என்பதையோ அந்தச் சொல் சொல்லவே இல்லை. ‘இன்வெர்ட்’ என்ற ஒரு சொல்லுக்காக யாராவது கூடுதல் விலை கேட்டால் கொடுக்காதீர்கள்.

அப்படியானால் எதற்குத்தான் வாங்குகிறார்கள் என்றால், சமையலில் அதற்கு உண்மையான வேலை இருக்கிறது. இது சுலபத்தில் பூத்து மணல் மணலாகிப் போகாது, ஈரத்தைப் பிடித்து வைக்கும், சீனியைவிடக் கொஞ்சம் தித்திப்பு, சூட்டில் சீக்கிரம் சிவக்கும். சீனர்கள் மூன்கேக் மேல்மாவுக்கு இதைத்தான் ஊற்றுகிறார்கள், அதனால்தான் அது இரண்டு மூன்று நாளில் மெத்தென்று ஆகிறது. நீங்கள் மொறுமொறு பிஸ்கட்டுக்கு வாங்கியிருந்தால் பொருள் தவறு, நம் ஊர் ஈரக்காற்றில் அது நமுத்துப்போகும்.

கேள்வி: அதே சிரப்பை வீட்டில் காய்ச்ச முடியுமா? எலுமிச்சை பிழிந்தால் போதும் என்கிறாள் பக்கத்து வீட்டு அக்கா.

பதில்: அவர் சொல்வது சரி. ஒரு கிலோ சீனி, 600 மில்லி தண்ணீர், ஒரு பெரிய எலுமிச்சையின் சாறு. கொதி வந்ததும் அடுப்பைச் சின்னதாக்கிவிட்டு ஏறக்குறைய ஒரு மணி நேரம் விடுங்கள், நடுவில் கிண்டாதீர்கள், தேன் பதத்துக்கு வந்ததும் இறக்கிவிடலாம். குலாப் ஜாமுன் பாகில் நம் பாட்டிமார் நாலு சொட்டு எலுமிச்சை விட்டது இதற்குத்தான், சீனியில் கொஞ்சம் பிரிந்துவிட்டால் மிச்சம் கூடிப் பூக்க முடியாது. மைசூர்பாகுக்கு மட்டும் எலுமிச்சை விடாதீர்கள், அதற்குப் பூப்பதுதான் வேண்டும். அதிரசம் வெல்லத்தில் சட்டென்று கறுப்பதைப் பார்த்திருப்பீர்கள், வெல்லத்திலேயே இந்தப் பிரிந்த சீனி கொஞ்சம் இருக்கிறது.

இதை எழுதும்போது நம் ஊர்தான் ஞாபகம் வருகிறது. இன்று கலிடோனியா பக்கம் போனால் 99 கதவு பங்களாவும் செம்பனையும்தான் தெரியும், ஆனால் பத்தொன்பதாம் நூற்றாண்டில் செபராங் பிறையில் நிறையக் கரும்புத் தோட்டங்கள், கலிடோனியாவும் அதில் ஒன்று. நாகப்பட்டினத்தில் கப்பல் ஏறிப் பினாங்கில் இறங்கிய நம் ஆட்கள் ஒப்பந்தக் கூலிகளாக வெட்டியது கரும்பு, ரப்பர் அப்புறம்தான் வந்தது. அந்த ஆலைகளுக்கு இந்த ‘இன்வெர்ட்’ பெரிய எதிரி. வெட்டிய கரும்பு நாள் கடந்து கிடந்தால் உள்ளேயே சீனி பிரிய ஆரம்பித்துவிடும், பிரிந்த சீனி கட்டியாகாது, கழிவுப்பாகோடு போய்விடும். அதனால்தான் வெட்டிய கையோடு ஆலைக்குப் போக வேண்டும் என்ற விரட்டல். சாறு புளிப்பாக இருந்தாலும் கொதிக்கும்போது பிரியும் என்று அதில் சுண்ணாம்பு கலந்து புளிப்பை அடக்குவார்கள். நாம் எலுமிச்சை விட்டுப் பிரிக்கிறோம், அவர்கள் சுண்ணாம்பு போட்டுத் தடுத்தார்கள்.

கேள்வி: தங்கச்சி, நான் பால் மரம் வெட்டி ஓய்வு பெற்றவன். தாமானுக்கு வேனில் வந்து தேன் விற்றார்கள், போத்தல் 40 வெள்ளி. தண்ணீரில் சொட்டு விட்டுக் காட்டினார்கள், கரையவில்லை. தீக்குச்சியைத் தோய்த்துக் கொளுத்தினார்கள், எரிந்தது. இரண்டு மாதத்தில் அடியில் மணல் மாதிரி உறைந்துவிட்டது. சீனிப்பாகை விற்றுவிட்டார்களா?

பதில்: ஐயா, உறைந்ததை வைத்து மட்டும் போலி என்று சொல்ல முடியாது. நல்ல தேனும் உறையும், அதில் உள்ள குளுக்கோஸ்தான் அப்படி மணல் மணலாக அடியில் இறங்குகிறது. வெந்நீரில் போத்தலை நிற்கவைத்தால் இளகிவிடும். ஆனால் அவர்கள் காட்டிய சோதனையை வைத்து அசல் என்றும் சொல்ல முடியாது. கெட்டியான எந்தப் பாகும் தண்ணீரில் நேராக அடிக்குத்தான் போகும். தீக்குச்சியிலும், கட்டைவிரலில் சொட்டு நிற்கிறதா எறும்பு மொய்க்கிறதா என்று பார்ப்பதிலும் எதுவும் தெரியாது.

காரணம் இதே இன்வெர்ட்தான். பூவின் மதுவில் இருக்கும் சுக்ரோஸைத் தேனீ தன் தலைச் சுரப்பிகளில் ஊறும் இன்வெர்டேஸ் என்ற நொதியால் குளுக்கோஸாகவும் பிரக்டோஸாகவும் பிரித்துத்தான் அடையில் வைக்கிறது. ஆகத் தேனின் பெரும்பகுதியும் போத்தலில் விற்கும் இன்வெர்ட் சிரப்பும் ஒரே இரண்டு சீனிதான். அனைத்துலக உணவுத் தரமான கோடெக்ஸ், பெரும்பாலான தேன்களில் சுக்ரோஸ் 100 கிராமுக்கு 5 கிராமுக்கு மேல் இருக்கக்கூடாது என்கிறது. வெறும் சீனிப்பாகைக் கலந்தால் இதில் மாட்டிக்கொள்வார்கள், இன்வெர்ட் சிரப்பைக் கலந்தால் இந்தச் சோதனையில் தப்பிவிடலாம். அதைப் பிடிக்க ஆய்வுக்கூடம் வேண்டும். அமிலத்தில் காய்ச்சிய பாகில் எச்.எம்.எஃப் என்ற பொருள் ஏறியிருக்கும், கோடெக்ஸ் வெப்ப நாட்டுத் தேனுக்கு அதைக் கிலோவுக்கு 80 மில்லிகிராம் வரை அனுமதிக்கிறது. கரும்பிலிருந்தும் சோளத்திலிருந்தும் வந்த சீனியைக் கார்பன் அணுக்களின் விகிதத்தை வைத்துக் கண்டுபிடிக்கும் சோதனையும் உண்டு. (கெலுலுட் என்ற கொட்டாத சிறு தேனீயின் தேன் தனி வகை ஐயா, அது இயல்பிலேயே நீர்த்தும் புளித்தும் இருக்கும், அதைப் போலி என்று நினைத்துவிடாதீர்கள்.)

உங்கள் போத்தலில் தயாரித்தவர் பெயரும் முகவரியும் இருக்கிறதா பாருங்கள். இல்லாத தேனை அடுத்த முறை யார் வந்தாலும் வாங்காதீர்கள். இன்னொன்று, கேட்காமலே சொல்கிறேன், பேரப்பிள்ளை பிறந்தால் நாக்கில் தேன் தொட்டு வைக்கும் பழக்கம் நம்மிடம் உண்டு. ஒரு வயது நிறையாத குழந்தைக்கு எந்தத் தேனும் வேண்டாம், அசல் தேனிலேயே இருக்கக்கூடிய ஒரு கிருமியால் பச்சைக் குழந்தைகளுக்கு உயிருக்கே ஆபத்தான நோய் வரும்.

கேள்வி: பிள்ளைகள் சாப்பிடும் பிஸ்கட் பாக்கெட்டில் குலா, சிரப் குளுக்கோசா, டெக்ஸ்ட்ரோஸ், இன்வெர்ட் என்று நாலு பெயர். எல்லாம் வேறு வேறா?

பதில்: வாங்குகிற உங்களுக்கு எல்லாம் சீனிதான். டெக்ஸ்ட்ரோஸ் என்பது குளுக்கோஸின் இன்னொரு பெயர், வலப்பக்கம் திருப்புவதால் வந்தது. நம் நாட்டின் 1985 உணவு விதிமுறைகளின்படி, சேர்மானங்களை எடை அதிகமானது முதலில் வரும்படி எழுத வேண்டும். நாலு பெயரில் பிரித்துப் போட்டால் ஒவ்வொன்றும் பட்டியலில் கீழே போய்விடும், மாவு முதலில் நிற்கும், நமக்குச் சீனி குறைவு போலத் தோன்றும். ஆகவே ‘ஜும்லா குலா’, அதாவது மொத்தச் சீனி, என்ற எண்ணைத் தேடுங்கள். உலகச் சுகாதார நிறுவனம் 2015இல் சொன்ன அளவு, நாள் ஒன்றுக்கு 2000 கலோரி சாப்பிடும் பெரியவருக்குச் சேர்க்கப்பட்ட சீனி 50 கிராமுக்குள், முடிந்தால் 25க்குள், தேனும் சிரப்பும் இதில் சேர்த்தி. பிள்ளைகளுக்கு அதைவிடக் குறைவு.

லேபிளில் பொய் இருக்கிறது என்று தோன்றினால் மாவட்டச் சுகாதார அலுவலகத்தில் புகார் கொடுக்கலாம். காசு திரும்ப வேண்டும் என்றால் பயனீட்டாளர் உரிமைகோரல் தீர்ப்பாயம் இருக்கிறது, மனு போட 5 வெள்ளிதான், வக்கீல் தேவையில்லை. ரசீதையும் மிச்சம் இருக்கும் பாக்கெட்டையும் எறிந்துவிடாமல் வைத்திருங்கள்.